ஆறு பேழைக்குள் அடைத்து வைத்த நூல்

(தமிழன்பர் கூட்டமொன்றில் ஆற்றப்பெற்ற பொழிவின் எழுத்து வடிவம்)



தொட்டால் சாவு, திறந்தால் குடிகேடு, படித்தால் பெரும்பழி என்று அச்சுறுத்தி, ஓர் அறிவுக் கருவூலத்தை எங்கோ ஆழத்தில் புதைத்து வைத்திருப்பதாகக் கதை கட்டிய நாடுகள் பல. அக்கதைகளுள் பழமையும் முழுமையும் ஒருங்கே வாய்ந்தது, நைல் ஆற்றங்கரையில் எகிபதியர் எழுதி வைத்த கதையாகும். தோத்து என்பது எகிபதியர் வணங்கிய அறிவுத் தெய்வத்தின் பெயர். எழுத்தைக் கண்டவன் அவனே என்பது அவர்தம் நம்பிக்கை. அரிவாள்போல் வளைந்த மூக்குடைய அன்றில் போன்ற நீர்ப்பறவையின் தலையோடு அவனை ஓவியத்தில் தீட்டுவர். அவன் தன் கையாலேயே எழுதிய நூல் ஒன்று உண்டு என்பதும், அது மாந்தர் கைக்கு எட்டலாகாது என்பதும் இக்கதையின் கரு.

இக்கதையைத் தாங்கிய நாணற்றாள் சுருள் கெய்ரோ அருங்காட்சியகத்தைச் சேர்ந்தது. தாலமி மரபினர் எகிபதை ஆண்ட காலத்தில், கிறித்துவுக்கு முன் படியெடுக்கப் பெற்றது. முதல் இரண்டு பக்கங்கள் அழிந்துபோயின. மூன்று என்று எண்ணிட்ட பக்கத்திலிருந்தே இன்று கதை கிடைக்கின்றது. செருமானிய அறிஞர் புருகிசு என்பார் 1867-இல் இதனை மொழிபெயர்த்து வெளியிட்டார். கோயில் சுவரில் பொறிக்கும் படவெழுத்தில் இது எழுதப்படவில்லை. கடன்முறிக்கும் மடலுக்கும் விற்பனை ஓலைக்கும் பயன்பட்ட விரைவெழுத்தில், கிரேக்கர் 'மக்கள் எழுத்து' என்று பெயரிட்ட எழுத்தில், எழுதப் பெற்றது. இதனை நினைவில் நிறுத்திக்கொண்டு கதைக்குள் செல்க.

இரண்டாம் இராமெசேசு என்னும் பேரரசனுக்குக் காமுவாசு என்றொரு மகன். அவன் கதைமாந்தன் மட்டும் அல்லன், கி.மு. 13-ஆம் நூற்றாண்டில் மெய்யாகவே வாழ்ந்தவன். மெம்பிசு நகரப் பெருங்கோயிலின் தலைமைப் பூசகன். தன் காலத்திலேயே ஆயிரம் ஆண்டுப் பழமை எய்திவிட்ட கூம்புக் கல்லறைகளைப் பழுதுபார்த்து, அவற்றைக் கட்டியவன் பெயர் மறைந்துவிடாதபடி கல்லில் வெட்டுவித்தவன். பழம்பொருள் ஆய்வின் முதல்வன் என்று இன்றைய அறிஞர் அவனைப் பாராட்டுவர். அப்படிப்பட்டவனைப் பின்னாளைய கதைஞர் 'செத்தினே' என்ற பெயரால் தலைவனாக்கிக்கொண்டனர். கல்லறைதோறும் நுழைந்து எழுத்துகளைப் படித்துத் திரிபவன் ஆகையால், தோத்துவின் நூல் நானெபெர்காபுதா என்ற பழங்கால இளவரசனின் கல்லறையில் கிடக்கின்றது என்று அறிந்து அங்கே இறங்குகின்றான். உள்ளே இருள் இல்லை. நூலே விளக்காய் ஒளிர்கின்றது. அருகில் இறந்தவனின் மனைவி அகுவெரேயின் ஆவியும், மகன் மெரிபின் ஆவியும் அமர்ந்திருக்கின்றன. "இந்நூலால் எங்கள் வாழ்வு முடிந்தது, கேள்" என்று அவள் தொடங்குகின்றாள்.

நானெபெர்காபுதாவும் செத்தினே போன்றவனே. கல்வெட்டுப் படிப்பதன்றி வேறு வேலை இல்லாதவன். ஒருநாள் கோயிலில் அவன் எழுத்துகளைப் படித்துக்கொண்டு நடக்க, கிழப் பூசகன் ஒருவன் பார்த்து நகைத்தான். பயனற்றவற்றைப் படிக்கின்றாய், தோத்துவின் நூல் இருக்குமிடத்தை என்னிடம் கேள் என்றான். இரண்டே மந்திரங்கள். முதலாவதைச் சொன்னால் விண்ணும் மண்ணும் மலையும் நீரும் வயப்படும். பறவையும் ஊர்வனவும் பேசுவது விளங்கும். ஆழத்து மீன் கண்ணுக்குத் தெரியும். இரண்டாவதைச் சொன்னால், இறந்து கீழுலகு புக்க பின்னும் ஞாயிறும் நிலவும் எழுவதைக் காணலாம். சரி, இடம் எது? அதைச் சொல்ல அவன் கேட்ட விலை நூறு தெபென் எடை வெள்ளி. இன்றைய எடையில் ஏறத்தாழ ஒன்பது கிலோ! தன் ஈமச் செலவுக்காம்! உலகையே ஆட்டிப் படைக்கும் அறிவின் இருப்பிடம் அறிந்தவன், தன் பிணம் அடக்க வெள்ளி கேட்டு நின்றான் என்று கதைஞன் எழுதிச் செல்லும்போது, அவன் இதழோரத்தில் ஒரு முறுவல் இருந்திருக்க வேண்டும்.

நூல், கோபுதோசு என்னும் ஊரை அடுத்த நீரின் நடுவே கிடந்தது. வெளியே இரும்புப் பேழை, அதற்குள் செம்புப் பேழை, அதற்குள் மரப்பேழை, அதற்குள் யானை மருப்பும் கருங்காலியும் இழைத்த பேழை, அதற்குள் வெள்ளிப் பேழை, அதற்குள் பொற்பேழை. அதனுள்ளே நூல். சுற்றிலும் காவதக் கணக்கில் பாம்பும் தேளும்; பேழையைச் சுற்றிச் சாவே இல்லாத பாம்பொன்று. நானெபெர்காபுதா மெழுகால் படகும் துடுப்பாளரும் செய்து, மந்திரத்தால் உயிர்ப்பித்து, மூன்று நாள் செலுத்தி அவ்விடத்தை அடைந்தான். பாம்பை வெட்டினான், அது ஒட்டிக்கொண்டது. மீண்டும் வெட்டினான்; மீண்டும் ஒட்டிக்கொண்டது. மூன்றாம் முறை வெட்டி, இரு துண்டங்களுக்கும் இடையே மணலை இட்டான், பாம்பு ஒழிந்தது.

நூலை எடுத்துப் படித்தான். கரையில் காத்திருந்த மனைவியிடமும் கொடுத்தான், அவளும் படித்தாள், அவன் கண்ட அத்தனையும் அவளும் கண்டாள். கணவனைப்போல் எழுதத்தான் தனக்கு வராது என்று அவளே கூறுகின்றாள். அதன்பின் அவன் செய்தது விந்தையானது. புதிய நாணற்றாளில் நூல் முழுவதையும் ஒரு சொல் விடாது படியெடுத்தான், கூலத்தில் வடித்த கள்ளில் அதை நனைத்தான், நீரில் கரைத்தான், கரைந்த நீரைக் குடித்தான். நூலில் உள்ள அனைத்தும் அவன் அறிவாயிற்று. 'நூலைக் கரைத்துக் குடித்தவன்' என்று புலமை மிக்காரைத் தமிழில் கூறும் வழக்கு அவையோர் அறிந்ததே. எகிபதியன் அதை மெய்யாகவே செய்து காட்டினான்!

தோத்து ஞாயிற்றுக் கடவுளிடம் முறையிட்டான். ஒறுப்பு வந்தது. ஊர் திரும்பும் வழியில், படகின் நிழற்கூரைக்கு அடியிலிருந்து வெளிவந்த சிறுவன் மெரிபு நீரில் வீழ்ந்தான். தந்தை மந்திரம் சொல்லி உடலை மேலே வரவழைத்தான், பேசவும் வைத்தான். பேச வைக்க முடிந்ததே அன்றிப் பிழைக்க வைக்க முடியவில்லை. கோபுதோசிலே அடக்கம் செய்து திரும்பினர். அதே இடத்தில் அகுவெரே வீழ்ந்தாள். அவளையும் கோபுதோசிலே அடக்கினான். மனைவியும் மகனும் இன்றி அரசன் முகத்தில் எப்படி விழிப்பது? நூலை உடம்போடு சேர்த்துக் கட்டிக்கொண்டு அவனும் நீரில் வீழ்ந்தான். உடல் மட்டும் மெம்பிசு சேர்ந்தது.

இவ்வளவும் கேட்ட செத்தினே நூலை விட்டானா? விடவில்லை. இறந்தவனோடு காயுருட்டிப் பலகையாட்டம் ஆடித் தோற்று, காது வரை மண்ணுள் புதைந்தும், தம்பி கொணர்ந்த காப்புகளால் தப்பி நூலோடு வெளியேறினான். அவன் போகையில் ஒளி அவன் முன்னே சென்றது, கல்லறை இருண்டது. பிறகு தபூபு என்னும் பெண்ணின் உருவெளித் தோற்றத்தில் மயங்கி, சொத்தையும் பெற்ற மக்களையும் இழந்ததாகக் கண்டு, விழித்துப் பார்த்தால் தெருவில் ஆடையின்றிக் கிடந்தான். மக்கள் உயிரோடுதான் இருந்தனர். கையில் கவைக்கோலும் தலையில் தீச்சட்டியும் ஏந்தி, நூலைத் திருப்பி வைத்தான்.

கதை இங்கே முடிந்திருந்தால் அது வெறும் அச்சுறுத்தலே. முடியவில்லை. கோபுதோசில் தனித்துக் கிடக்கும் தன் மனைவி மகன் உடல்களைக் கொணர்ந்து தன் பக்கத்தில் சேர்க்குமாறு இறந்தவன் வேண்டுகின்றான். செத்தினே கோபுதோசு சென்று மூன்று நாள் இரவு பகலாகக் கல்வெட்டுகளைப் புரட்டுகின்றான், கல்லறை அகப்படவில்லை. வழியில் வந்த முதியவர் ஒருவர், தம் முன்னோர் வாய்வழி சொல்லி வந்ததாக ஒரு வீட்டின் மூலையைக் காட்டுகின்றார், அங்கே கிடைக்கின்றது. அம்முதியவர் உருவில் வந்தவன் நானெபெர்காபுதாவே என்பது கதை. பிரிந்த குடும்பம் ஒன்றுசேர, கல்லறை மூடப்படுகின்றது.

இனிக் கதையை விட்டு நாட்டுக்கு வருக. இத்தகைய நூலடைவு எகிபதில் மெய்யாகவே இருந்ததா? இருந்தது, ஆனால் ஆழ்நீரில் இல்லை, கோயிலுக்குள் இருந்தது. 'உயிர் இல்லம்' என்று அதற்குப் பெயர். அங்கே எழுத்தர் நூல்களைப் படியெடுத்தனர். மருத்துவமும் வானூலும் சடங்கும் பயின்றனர். எட்பூ என்னும் ஊரில் தாலமி காலத்துக் கோயில் இன்றும் நிற்கின்றது. அதன் நூலறை ஒரு சிறு மாடம் அளவினதே. அதன் சுவரில் அங்கிருந்த நூல்களின் பட்டியலைப் பொறித்துள்ளனர். கோயிற் பொருள்களின் கணக்கு, ஞாயிறும் நிலவும் மீளும் காலம், அரசனைக் காக்கும் மொழிகள், கண்ணேறு விலக்கும் மொழிகள் என்று அது செல்கின்றது. கதையின் இரண்டாம் மந்திரம் காட்டிய ஞாயிறும் நிலவும் இங்கே வானநூற் கணக்காய் நிற்பதைக் காண்க! அந்நூல்களில் ஒன்றுகூட அவ்வறையில் இன்று இல்லை. கல்லில் பட்டியல் மட்டும் இருக்கின்றது.

ஏன் அழிந்தன? பாம்பு விழுங்கவில்லை, தேள் கொட்டவில்லை. பண்டை எகிபதில் எழுதப் படிக்கத் தெரிந்தோர் நூற்றுக்கு ஒருவர் அளவே என்று அறிஞர் கணிக்கின்றனர். படவெழுத்தோ அவருள்ளும் மிகச் சிலர்க்கே உரியது. உரோமர் ஆட்சியில் பூசகர் அதை மேலும் மேலும் சிக்கலாக்கினர். சில நூறு குறிகளாய் இருந்தவை ஆயிரக்கணக்கில் பெருகின. வெளியார்க்கு விளங்கலாகாது என்பதே பெருமையாயிற்று. அலுவலும் வழக்கும் கிரேக்கத்துக்கு மாறின. பின்னர்க் கிறித்துவம் பரவிக் கோயில்கள் மூடப்பட்டபோது, அவ்வெழுத்தை அறிந்த கூட்டமும் அதனோடு அருகியது. நாளறியக் கிடைக்கும் கடைசிப் படவெழுத்துப் பொறிப்பு, பிலே தீவின் கோயிலில் கி.பி. 394-ஆம் ஆண்டு ஆகத்துத் திங்கள் 24-ஆம் நாள் வெட்டப்பட்டது. மக்கள் எழுத்துப் பொறிப்பின் கடைசி ஆண்டு 452, அதுவும் அங்கேயே. மூவாயிரம் ஆண்டுக்கு மேல் வாழ்ந்த எழுத்தைப் படிக்க அதன்பின் நாட்டில் ஆளில்லை. ஊரார் அனைவரும் அறிந்த எழுத்தாக அது இருந்திருப்பின், கோயில் மூடியதனால் எழுத்துச் சாகுமா?

படிக்க ஆளில்லாத இடத்தில்தான் மாயக் கதைகள் முளைக்கும். 17-ஆம் நூற்றாண்டில் உரோமையில் வாழ்ந்த அத்தனாசியசு கிர்கர் என்னும் கிறித்துவத் துறவி, எகிபதியக் குறிகளைப் படித்துவிட்டதாகப் பெருநூல்கள் வெளியிட்டார். ஓர் அரசனின் பெயரை மட்டுமே தாங்கிய சில குறிகளுக்கு, தெய்வங்களும் வேள்வியும் நைல் ஆற்று வளமும் நிறைந்த நெடுந்தொடர் ஒன்றைப் பொருளாகக் கூறினார்! 1781-இல் பிரெஞ்சு நாட்டுச் செபெலின் என்பார், ஐரோப்பியர் ஆடிவந்த தாரோ என்னும் சீட்டுக் கட்டே தோத்துவின் மறைநூல் என்று எழுதினார். சீட்டாட்டக் காரனின் சட்டைப் பையில் எகிபதியரின் மறைநூல்! இதனை நம்பியோர் இன்றும் உளர். சீட்டைப் பரப்பி வருங்காலம் கூறும் வணிகம் அதனை வைத்தே நடக்கின்றது.

கிர்கருக்குச் சேரவேண்டிய புகழையும் மறைத்தல் ஆகாது. எகிபதியக் கிறித்துவர் வழிபாட்டில் ஓதிவரும் கோபுதிய மொழி, பழைய எகிபதிய மொழியின் வழிவந்ததே என்பதை வலியுறுத்தியவர் அவர். அதில் அவர் பிழைபடவில்லை. கோபுதியம் கிரேக்க எழுத்துகளோடு மக்கள் எழுத்தின் சில குறிகளையும் சேர்த்து எழுதப்படுவது. உழவர் வாயில் பல நூற்றாண்டு வழங்கிப் பின்னர் அரபிக்கு இடங்கொடுத்துக் கோயிலளவில் ஒடுங்கியது. (கோபுதோசு என்னும் ஊர்ப்பெயரும் கோபுதியம் என்னும் மொழிப்பெயரும் ஒன்றென எண்ணற்க. மொழிப்பெயர், எகிபது என்னும் நாட்டுப்பெயரின் திரிபு. ஊர்ப்பெயருக்கு வேறு மூலம். ஒலி ஒத்தது கண்டு வேர் ஒன்றென முடிவு செய்யும் விரைவு, சொல்லாய்வுக்கு என்றும் பகை.)

பூட்டைத் திறந்தது அவ்வாய்மொழியே. 1799-இல் உரொசெத்தா என்னுமிடத்தில் கிடைத்த கல், கி.மு. 196-ஆம் ஆண்டுப் பூசகர் ஆணை ஒன்றைப் படவெழுத்து, மக்கள் எழுத்து, கிரேக்கம் என்னும் மூன்றிலும் தாங்கியிருந்தது. கல் கிடைத்தும் இருபதாண்டுக்கு மேல் புதிர் முழுதும் அவிழவில்லை. பிரெஞ்சு இளைஞர் சாம்பொலியன் சிறுவயது முதலே கோபுதியத்தைத் தாய்மொழிபோல் பயின்றவர். பாரிசில் கோபுதியக் குருவர் ஒருவரிடம் பழகிக் கற்றவர். 1822 செபுதம்பரில் எகிபதுக் கோயில்களின் ஓவியப் படிகள் அவர் கைக்கு வந்தன. ஒரு பெயர்ச் சுற்றில் ஞாயிற்று வட்டமும், வேறொரு குறியும், இரண்டு சகரக் குறிகளும் இருந்தன. ஞாயிற்றுக்குக் கோபுதியத்தில் 'இரே'. நடுக்குறியோ பிறத்தலைக் குறிக்கும் கோபுதியச் சொல்லோடு இயைந்தது. இராமெசேசு! மற்றொரு பெயர்ச் சுற்றில் ஞாயிற்றுக்கு மாறாக வளைமூக்குப் பறவை. தோத்துமோசு!

செத்தினேயின் தந்தை பெயரும், தோத்துவின் பெயரைத் தாங்கிய அரசன் பெயருமே அன்று முதலில் வெளிச்சத்துக்கு வந்தவை. அவற்றைப் படிக்க மந்திரம் தேவைப்படவில்லை. ஞாயிறு, பிறப்பு என்னும் இரண்டு எளிய சொற்கள் போதுமாயின.

தோத்துவின் நூல் என்ன ஆயிற்று என்று கேட்பார்க்கு ஒரு செய்தி. பல நாட்டு அருங்காட்சியகங்களில் சிதறிக் கிடந்த மக்கள் எழுத்து நாணற்றாள் துண்டுகளைப் பல்லாண்டு பொருத்திப் பார்த்து, யாசுனோ, சௌசிச்சு என்னும் அறிஞர் இருவர் 2005-இல் ஒரு நூலை வெளியிட்டனர். அதற்குத் 'தோத்துவின் நூல்' என்று பெயரிட்டவர் அவர்களே, பழம்பெயர் அன்று. ஆசான் ஒருவனும், அறிவை விரும்புவோன் என்று பெயர் பூண்ட மாணவன் ஒருவனும் உரையாடுகின்றனர். எழுதுகோல் பிடிப்பது, எழுத்தர் தொழில், கீழுலகம், நாட்டின் திருத்தலங்கள் என்று பேச்சு விரிகின்றது. படிப்போரைக் கொல்லும் மந்திரம் எதுவும் அதில் இல்லை. எழுதக் கற்பது எவ்வளவு கடினம் என்னும் மாணவனின் ஏக்கம் இருக்கின்றது.

கோபுதோசை விட்டு அகலுமுன் அவ்வூரைப் பற்றி இன்னும் சில சொற்கள். கதையில் பாம்பு காத்த அவ்வூர், வரலாற்றில் தமிழ்நாட்டுச் சரக்குகள் இறங்கிய சந்தியாகும். செங்கடல் துறைகளில் இறங்கிய பொருள்கள் ஒட்டகத்தில் ஏறிப் பாலை கடந்து கோபுதோசு சேரும். அங்கிருந்து நைல் வழியே அலெக்சாந்திரியா செல்லும். பெரெனிகே துறையிலிருந்து கோபுதோசுக்குப் பன்னிரண்டு நாள் வழி என்று உரோமரான பிளினி குறித்துள்ளார். வியன்னா நூலகத்தில் உள்ள கி.பி. இரண்டாம் நூற்றாண்டுக் கிரேக்க நாணற்றாள் ஒன்று கடன் உடன்படிக்கை பற்றியது. அதில் முசிறியின் பெயர் வருகின்றது. சரக்கைக் கோபுதோசுக்குக் கொண்டுசெல்லும் பொறுப்பும் பேசப்படுகின்றது. பெரெனிகேயின் கோயில் முற்றத்தில் புதைந்திருந்த இந்தியத் தாழி ஒன்றினுள் ஏறத்தாழ ஏழரைக் கிலோ மிளகு இருக்கக் கண்டனர்.

கோபுதோசிலிருந்து செல்லும் மற்றொரு பாலைவழி முடியும் கடற்றுறை குசேர் அல் காதிம். அங்கே அகழ்ந்தபோது தமிழ் எழுத்துப் பொறித்த ஓடுகள் வெளிப்பட்டன. கண்ணன், சாத்தன் என்னும் பெயர்கள் இரண்டு ஓடுகளில். மற்றோர் உடைந்த கலத்தில் 'பானை ஒறி' என்று இருமுறை எழுதப்பட்டிருப்பதை ஐராவதம் மகாதேவன் படித்து 2007-இல் வெளியிட்டார். கயிற்று வலையில் தொங்கவிடும் பானை என்பது பொருள். அடுக்களை உத்தரத்தில் தயிர்க்கலம் தொங்கும் உறிதான் அது. எழுதியவன் பூசகன் அல்லன். கோயில் எழுத்தனும் அல்லன். கடல் கடந்து வந்த வணிகனோ, அவன் சரக்கைக் காத்த கையாளோ, தன் கலத்தை அடையாளங் கண்டுகொள்ளத் தன் வீட்டுச் சொல்லால் தானே எழுதிவைத்துச் சென்றிருக்கின்றான்.